வெள்ளைக் கல்லில் மூன்று வட்டங்கள்

அத்தியாயம் 12

எல்லாரும் படுத்துவிட்டார்கள். அம்மாவின் அறையில் விளக்கு அணைந்துவிட்டது. இனிமேல் சொல்லலாம். ஆனால் நீங்கள் யாரும் சத்தமாகச் சிரிக்கக் கூடாது. இந்த வீட்டில் சுவர் மெல்லியது.

இந்த வாரம்தான் எங்கள் கதைக்குள் நுழைகிறவர்களுக்காகக் கொஞ்சம் பின்னால் போகிறேன். நான் தினேஸ்வரி, பள்ளியில் படிவம் நான்கு படிக்கிறேன். அப்பா மகேந்திரன் இருபத்திரண்டு வருடம் ஈப்போவில் ஒரு மார்பிள் தொழிற்சாலையில் கல்லுக்கு மெருகு போட்டவர். மூன்று மாதத்துக்கு முன் அதை விட்டுவிட்டு, பழைய வேன் ஒன்றை வாங்கி, அதன் பக்கவாட்டில் தன் பெயரைத் தமிழிலும் மலாயிலும் எழுதிச் சொந்தத் தொழிலில் இறங்கினார். இதுவரை கிடைத்த வேலை இரண்டு. ஒரு கல்லறைப் பலகை, ஒரு முடிதிருத்தும் கடையின் வாசற்படி. கல்லறைக்குள் இருப்பவர் இன்றுவரை குறை சொல்லவில்லை என்று என் அண்ணன் தனேஸ்வரன் சொல்வான்.

போன வாரம் அப்பாவின் பழைய தவ்கே, அதாவது முதலாளி, மிஸ்டர் லியோங் போன் செய்தார். ஜொகூரில் புதுக் கிளை திறக்கிறார். அப்பாதான் மேற்பார்வையாளர். திங்கட்கிழமை காலை எட்டு மணிக்குத் தொழிற்சாலை லாரி கிளம்பும். அதில் ஏறினால் அப்பா வீட்டுக்கு வருவது தீபாவளிக்கும் பொங்கலுக்கும்தான்.

ஏறுவதா வேண்டாமா என்பதை அப்பா எங்களிடம் சொல்லவில்லை. வேனைக் கழுவும்போது வேனிடம் சொன்னார். நான் ஜன்னலோரம் நின்று கேட்டுவிட்டேன். சனிக்கிழமை கல்லைப் பார்க்க வரும் டீச்சர் ஒருவர் தன் வீட்டு வேலையை உறுதி செய்தால் இங்கேயே இருப்பது, இல்லையென்றால் லாரி ஏறுவது. வேன் பதில் சொல்லவில்லை.

அம்மாவும் ஜொகூரைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. எங்கள் தாமான் குடியிருப்பில் யார் வீட்டுக் குழாய் ஒழுகினாலும் கருத்து சொல்கிறவர் என் அம்மா புனிதா. அவர் பேசாமல் இருந்ததுதான் எனக்கு அதிக பயம்.

அந்தச் சனிக்கிழமைதான் இன்று. காலை ஒன்பதரைக்குள் நான் எல்லாவற்றையும் கெடுத்துவிட்டேன்.

முதலில் எங்கள் குசினியில் சமைக்கும் மேடையைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

போன வருடம் வீட்டைப் புதுப்பித்தபோது அம்மா கேட்டது கறுப்பு கிரானைட். எங்கள் வரிசையில் பாதி வீட்டில் அதுதான். அப்பா கொண்டுவந்தது வெள்ளை மார்பிள். ஈப்போ மலையில் வெட்டிய கல். நடுவில் புகை போலச் சாம்பல் கோடு ஓடும். ஈப்போவில் இருந்துகொண்டு வேறு ஊர்க் கல்லைக் குசினியில் போட்டால் தன் தொழிலுக்கே அவமானம் என்றார் அப்பா. குழம்பு கொட்டினால் என்ன ஆகும், புளி பட்டால் என்ன ஆகும் என்று அம்மா கேட்டதற்கு, துடைத்தால் போயிற்று என்று ஒரே வரியில் முடித்தார்.

அம்மா நம்பவில்லை. இந்த ஒரு வருடமும் புளியைப் பின்கட்டுக் குழாயடியில்தான் கரைப்பார். எலுமிச்சையைத் தொட்டியின் விளிம்பில் வைத்து வெட்டுவார். தக்காளிக்குத் தனிப் பலகை. ஏன் என்று எங்களுக்குச் சொன்னதே இல்லை. அம்மாவுக்கு மேடை சுத்தமாக இருக்க வேண்டும், அவ்வளவுதான் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன். அப்பாவோ, ஒரு வருடமாகியும் ஒரு புள்ளி விழவில்லை பார், அதுதான் ஈப்போ கல் என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருந்தார்.

அதனால்தான் சித்தியவானிலிருந்து கெர்ட்ரூட் டீச்சர் போன் செய்தபோது, எங்கள் வீட்டுக்கே வந்து பார்க்கச் சொன்னார் அப்பா. டீச்சர் ஓய்வு பெற்ற தலைமையாசிரியை. அவர் வீட்டுக் குசினியில் இருக்கும் கல்லைப் பிடுங்கிவிட்டுப் புதிதாகப் போட வேண்டுமாம். மூன்று பக்கச் சுவருக்கும் மேடை. அப்பாவுக்கு மூன்று வாரத்துக்கு வேலை. கடையில் மாட்டி வைத்த கல்லை நம்ப மாட்டேன், தினமும் சமைக்கிற வீட்டுக் கல்லைக் காட்டு என்று டீச்சர் சொல்லியிருந்தார்.

இன்று புரட்டாசி சனி. அம்மா ஏழரைக்கெல்லாம் பெருமாள் கோயிலுக்குக் கிளம்பிவிட்டார். போகும்போது இரண்டு குத்துவிளக்கையும் காமாட்சி விளக்கையும் என்னிடம் கொடுத்து, புளியும் உப்பும் போட்டுப் பின்கட்டில் தேய்த்து வைக்கச் சொன்னார். அப்பா வேனைக் காட்டி மெக்கானிக்கிடம் ஏதோ கேட்கப் போயிருந்தார்.

பின்கட்டுக்குக் கூரை கிடையாது. மழை கொட்டிக்கொண்டிருந்தது. என் போனுக்குச் சார்ஜ் இல்லை. சார்ஜர் செருகும் இடம் குசினி மேடைக்கு மேலே இருக்கிறது. இந்த மூன்றையும் சேர்த்துப் பார்த்தால் நான் எங்கே உட்கார்ந்து விளக்கு தேய்த்தேன் என்று உங்களுக்கே தெரிந்துவிடும்.

புளியைக் கெட்டியாகக் கரைத்து மூன்று விளக்குக்கும் அப்பி, ஊறட்டும் என்று மேடையிலேயே நிறுத்தி வைத்தேன். புளித்தண்ணீர் வழிந்து விளக்கின் அடியில் தேங்கியது. நான் என் தோழி அனுப்பியிருந்த குரல் செய்திகளைக் கேட்டுக்கொண்டிருந்தேன். மொத்தம் பதினொன்று. அவள் சுருக்கமாகப் பேசுகிற பெண் இல்லை.

விளக்குகள் தங்கம் போல வந்தன. கழுவித் துடைத்து வைத்துவிட்டு மேடையையும் துடைத்தேன்.

மூன்று வட்டங்கள்.

பெரியது இரண்டு, சின்னது ஒன்று. கல்லின் பளபளப்பு அந்த இடத்தில் மட்டும் இல்லை. யாரோ மூச்சு விட்டு மங்கலாக்கிய கண்ணாடி மாதிரி இருந்தது. ஈரம் என்று நினைத்து மறுபடி துடைத்தேன். பாத்திரம் கழுவும் சோப்பு போட்டேன். விரலால் தடவிப் பார்த்தால் லேசாகச் சொரசொரவென்று இருந்தது.

அண்ணன் மழையில் நனைந்து உள்ளே வந்தான். மோட்டார் சைக்கிளில் சாப்பாடு கொண்டுபோய்க் கொடுக்கிற வேலை அவனுக்கு. ஒவ்வொரு வீட்டு வாசலிலும் காத்திருக்கும் நேரத்தில் போனில் எதையாவது பார்ப்பான். அதனால் அவனுக்குத் தெரியாத விஷயம் கிடையாது.

"என்னா இது?" என்றான்.

"வட்டம்."

"வட்டம்னு தெரியுது லா. எப்படி வந்துச்சு?"

சொன்னேன். அவன் குனிந்து பார்த்தான். டாக்டர் மாதிரி தட்டிப் பார்த்தான். புளிக்கறைக்கு எலுமிச்சைதான் மருந்து என்று தீர்ப்பு சொல்லிவிட்டு, ஐஸ்பெட்டியிலிருந்து லிமாவ் நான்கை எடுத்தான், நாங்கள் மீ கோரேங் நூடுல்ஸில் பிழிகிற அந்தக் குட்டி எலுமிச்சை. இரண்டாக வெட்டிப் பெரிய வட்டத்தின் மேல் தேய்க்க ஆரம்பித்தான். நன்றாக அழுத்தி, மனமாரத் தேய்த்தான்.

துடைத்துப் பார்த்தபோது வட்டம் அப்படியே இருந்தது. அதன் பக்கத்தில் ஒரு உள்ளங்கை அகலத்துக்குப் புதுத் தடம். வால் நட்சத்திரம் மாதிரி.

"கொஞ்சம் கம்மியான மாதிரி இல்ல?" என்றான்.

"அண்ணே, பெருசாயிருச்சு."

அடுத்து அவன் வினிகரைத் தேடினான். நான் பாட்டிலைப் பிடுங்கி அரிசித் தொட்டிக்குப் பின்னால் ஒளித்தேன். பற்பசை போட்டுப் பார்த்தோம். குசினியில் புதினா வாசம் வந்தது, வேறு மாற்றம் எதுவும் இல்லை. மணி பத்தேகால். அம்மா எந்த நேரமும் வரலாம். டீச்சர் பதினொன்றுக்கு.

நான் அழ ஆரம்பித்தேன். இந்தக் கல்லை நம்பித்தான் அப்பா இங்கே இருக்கப் போகிறார் என்று அண்ணனிடம் சொன்னேன். வேனிடம் அப்பா சொன்னதையும் சொன்னேன். அவனுக்கு அது தெரியாது. முகம் மாறிவிட்டது. துண்டை எடுத்துத் தலையைத் துவட்ட ஆரம்பித்தான்.

அந்த யோசனை எனக்குத்தான் வந்தது. பயத்தில் என் மூளை நன்றாக வேலை செய்கிறது என்று இன்று கண்டுகொண்டேன். எந்த விளக்கு எந்த வட்டத்தைப் போட்டதோ, அந்த விளக்கை அதே வட்டத்தின் மேல் நிறுத்தினேன். மில்லிமீட்டர் பிசகவில்லை. லிமாவ் தடத்தின் மேல் ஒரு வாழையிலையைப் போட்டு வெற்றிலை, பாக்கு, பழம், பூ எல்லாம் வைத்தேன். பார்த்தால் படையல் மாதிரியே இருந்தது.

யாராவது நகர்த்திவிட்டால் என்ன செய்வது என்று கேட்டேன். அண்ணன் எண்ணெய்ப் பாட்டிலை எடுத்தான்.

"ஏத்திருவோம் லா. எரியுற விளக்க அம்மா தொட மாட்டாங்க."

அது உண்மை. எங்கள் வீட்டில் ஏற்றிய விளக்கை இடம் மாற்றுகிற வழக்கமே இல்லை. தானாக முடிகிறவரை அது இருக்கும் இடத்தில்தான். அண்ணன் மூன்றிலும் விளிம்புவரை எண்ணெய் ஊற்றித் திரி போட்டு ஏற்றினான். சாயங்காலம்வரை எரிகிற அளவு எண்ணெய்.

அம்மா வந்தார். குடையை மடக்கிக்கொண்டே குசினிக்குள் நுழைந்தவர் அப்படியே நின்றுவிட்டார். அம்மா மூன்று விளக்கையும் மாறி மாறிப் பார்த்தார். பிறகு கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

"ஒங்கப்பாவா ஏத்துனாரு?" என்று மெதுவாகக் கேட்டார்.

நான் ஆமாம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. இருமினேன். முதல் பெரிய வேலைக்காக அப்பா சாமி கும்பிட்டிருக்கிறார் என்று அம்மா முடிவு செய்துவிட்டார். இவ்வளவு காலமும் அவருக்கு விபூதி வைத்துவிடவே துரத்திப் பிடிக்க வேண்டியிருந்தது என்று முணுமுணுத்தபடி கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

பத்து நிமிடத்தில் அப்பா வந்தார். அவரும் நின்றார். ஒரு வருடமாக அம்மா அந்தக் கல்லைப் பார்த்து ஒரு நல்ல வார்த்தை சொன்னதில்லை. இப்போது அதன் மேலே மூன்று விளக்கு. அம்மாதான் தனக்காக ஏற்றியிருக்கிறார் என்று அப்பா நினைத்துவிட்டார்.

அதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்குத் தாங்கவில்லை. அப்பா அம்மாவுக்குக் கோப்பி கலக்கிக் கொடுத்தார். அம்மா அப்பாவின் சட்டைக் காலரைச் சரிசெய்துவிட்டார். யார் ஏற்றியது என்று இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் கேட்கவே இல்லை. நன்றி சொல்லக் கூச்சப்படுகிறவர்கள் மாதிரி சிரித்துக்கொண்டார்கள். மூன்று மாதமாக இந்த வீட்டில் நான் பார்க்காத காட்சி. அண்ணன் என்னைப் பார்த்தான். நான் தரையைப் பார்த்தேன்.

கெர்ட்ரூட் டீச்சர் சரியாகப் பதினொன்றுக்கு வந்தார். எழுபது வயதுக்கு மேல் இருக்கும். தானே காரை ஓட்டிக்கொண்டு வந்திருந்தார். கண்ணாடியைச் சங்கிலியில் கட்டிக் கழுத்தில் தொங்கவிட்டிருந்தார். குசினிக்குள் நுழைந்ததும் விளக்குகளைப் பார்த்துச் செருப்பைக் கழற்றப் போனார். ஏற்கெனவே வாசலில் கழற்றிவிட்டது நினைவுக்கு வந்து சிரித்தார். சாமி காரியம் முடிகிறவரை அந்தப் பக்கமே வர மாட்டேன், விளக்கு தானாக அணையட்டும், காத்திருக்கிறேன் என்று நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துவிட்டார்.

நான் எண்ணெயைப் பார்த்தேன். அண்ணன் தன் கையையே பார்த்துக்கொண்டான்.

அப்பாவுக்குப் பொறுக்கவில்லை. விளக்கு இல்லாத கோடியைக் காட்டுகிறேன் என்று டீச்சரை அழைத்தார். அங்கே ஒரு சொட்டுத் தண்ணீர் விட்டார். அது கல்லுக்குள் இறங்காமல் மணி மாதிரி உருண்டு நின்றது. இப்படி நின்றால் மேலே பூசிய காப்பு மருந்து நன்றாக இருக்கிறது, தண்ணீர் இறங்கிக் கல் கறுத்தால் மறுபடி பூச வேண்டும் என்று விளக்கினார். தினமும் துடைக்க ஈரத்துணி போதும், காரமான சோப்பு எதுவும் வேண்டாம் என்றார். டீச்சர் ஒரு சின்ன நோட்டில் எழுதிக்கொண்டார். பேனாவின் சத்தம்கூட எனக்கு நம்பிக்கையாக இருந்தது.

பிறகு அப்பா பெருமையில் ஒரு காரியம் செய்தார். மெருகு எப்படி என்று பார்க்க ஒரு வழி இருக்கிறது, கல்லின் மட்டத்துக்குக் குனிந்து நீட்டுவாக்கில் பார்க்க வேண்டும், எதிரே உள்ள ஜன்னல் கல்லில் முழுசாகத் தெரிந்தால் மெருகு முதல் தரம் என்றார். அவரே குனிந்து காட்டினார்.

பேசிக்கொண்டே இருந்தவர் பாதியில் நிறுத்திவிட்டார்.

டீச்சரும் இடுப்பைப் பிடித்துக்கொண்டு குனிந்தார். கண்ணாடியை மாட்டிக்கொண்டார்.

"ஜன்னல் நல்லாத் தெரியுது, மகேந்திரன். ஆனா அந்த எலை ஓரத்துல மட்டும் ஏன் தெரியல?"

வாழையிலை வெப்பத்தில் வாடிச் சுருண்டிருந்தது. லிமாவ் தடத்தின் வால் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது.

இலையின் நிழல் என்று அப்பா சொல்லியிருக்கலாம். டீச்சர் நம்பியிருப்பார். சொல்லுங்கள் அப்பா என்று நான் மனதுக்குள் கெஞ்சினேன். அப்பா நிமிர்ந்தார். அம்மாவிடம் திரும்பினார்.

"புனிதா, இந்த வெளக்க ஏன் இங்க ஏத்துன?"

"நானா? நீங்கதானே ஏத்துனீங்க?"

இரண்டு பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். காலையிலிருந்து இருந்த சிரிப்பு இரண்டு முகத்திலிருந்தும் மெதுவாக இறங்கியது. கோப்பியும் காலரும் யாருக்கு என்று இப்போது அவர்களுக்கே தெரியவில்லை.

டீச்சர் மட்டும் வேறு பக்கம் பார்த்தார். என் பக்கம். முப்பத்தைந்து வருடம் வகுப்பறையில் நின்றவர்.

"கையக் காட்டும்மா."

காட்டினேன். பித்தளை தேய்த்தால் விரல் இடுக்கில் கறுப்பு ஏறும். எத்தனை முறை கழுவினாலும் அன்றைக்குப் போகாது. டீச்சர் என் விரல்களையும் விளக்குகளையும் பார்த்தார். ஒன்றும் கேட்கவில்லை. நானே எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். மழை, சார்ஜர், பதினோரு குரல் செய்தி. லிமாவ் தேய்த்தது அண்ணன் என்பதை இரண்டு முறை சொன்னேன். ஜொகூர் லாரிக்கு வரும்போது வாயைக் கடித்துக்கொண்டேன்.

அம்மா விளக்குகள் முன்னால் நின்று கும்பிட்டு, பூக்காம்பால் ஒவ்வொரு திரியாக எண்ணெய்க்குள் இழுத்து மலையேற்றினார். பிறகு விளக்குகளைத் தூக்கினார். மூன்று வட்டமும் வெளியே வந்தன. ஒரு நிமிடம் பார்த்தார். தொட்டியின் மேலிருந்த துணியை எடுத்து அப்பாவிடம் நீட்டினார்.

"தொடைங்க."

"புனிதா, டீச்சர் இருக்காங்க."

"இருக்கட்டும். தொடைச்சாப் போயிரும்னு சொன்னீங்கள்ல. ஒரு வருஷமாச்சு. தொடைங்க, பாப்போம்."

அவர் கேட்பது நியாயம்தான் என்றார் டீச்சர், நோட்டை மறுபடி திறந்துகொண்டே.

அப்பா துணியை வாங்கிக்கொண்டார். துடைக்கவில்லை. அதை மடித்தார், பிரித்தார், மறுபடி மடித்தார்.

"தொடைச்சாப் போவாது, டீச்சர்," என்றார். "இது கறை இல்ல. புளி கல்லத் தின்ன எடம். மார்பிளுக்குப் புளிப்பு ஆவாது. எந்த மருந்து பூசுனாலும் அத நிறுத்த முடியாது. லிமாவும் அதேதான். என் வூட்டுல ஒரு வருஷம் ஒன்னும் வராததுக்குக் காரணம் கல்லு இல்ல, இவதான். நான் இவகிட்ட பொய் சொன்னேன்."

ஒரு வருடமாக நடந்த சண்டை நாலு வரியில் முடிந்துவிட்டது. அம்மா அதற்குத் தயாராக இல்லை. ஜெயித்தவர் முகமாக இல்லை அது.

அப்பா வேனுக்குப் போய் ஒரு டின்னும் கம்பளித் துண்டும் கொண்டுவந்தார். டின்னில் வெள்ளைப் பொடி. சின்ன வட்டத்தின் மேல் தூவிக் கொஞ்சம் தண்ணீர் தெளித்து, கையாலேயே சுற்றிச் சுற்றித் தேய்த்தார். பொடி பசையாகிச் சாம்பல் நிறமானது. கால் மணி நேரம். கழுவித் துடைத்ததும் நாங்கள் ஐந்து பேரும் வரிசையாகக் குனிந்து ஜன்னலைத் தேடினோம். அந்த இடத்தில் ஜன்னல் திரும்ப வந்திருந்தது, கம்பிகளோடு.

டீச்சர் நாற்காலியில் போய் உட்கார்ந்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு தன் பங்குக்கு ஒன்றைச் சொன்னார். அவர் வீட்டில் இருப்பதும் வெள்ளை மார்பிள்தான். அவர் தினமும் அசாம் புளி போட்டு மீன் சமைப்பவர். ஆறு வருடத்தில் மேடை முழுவதும் இதே மாதிரி மங்கிவிட்டது. கல் செத்துவிட்டது என்று நினைத்து, மாம்பழப் படம் போட்ட பிளாஸ்டிக் விரிப்பால் மூடி வைத்திருக்கிறார். ஜெபக் கூட்டத்துக்கு வருகிறவர்கள் விரிப்பு அழகாக இருக்கிறது என்பார்களாம்.

"அதான் பிடுங்கிட்டுப் புதுசு போடலாம்னு வந்தேன்," என்றார்.

இந்த இடத்தில் அப்பா சும்மா இருந்திருக்கலாம். தலையை மட்டும் ஆட்டியிருக்கலாம். மூன்று பக்கச் சுவர், மூன்று வாரம்.

அப்பா கேட்டது, கல்லில் வெடிப்பு இருக்கிறதா என்றுதான். இல்லை என்றார் டீச்சர்.

"அப்பப் பிடுங்க வேணாம், டீச்சர். நல்ல கல்லு அது. ஒரு நாளு போதும், நான் மெருகு ஏத்தித் தாரேன். அசாம் கரைக்கிறப்ப அடியில ஒரு தட்டு வச்சுக்குங்க."

அப்பா பேசிக்கொண்டிருந்தார். எனக்கு லாரிச் சத்தம் கேட்டது. என் கண் முன்னாலேயே மூன்று வாரம் ஒரு நாளாகச் சுருங்கிவிட்டது. அண்ணன் மெதுவாக வெளியே போய் மழையில் நின்றான்.

டீச்சர் திங்கட்கிழமை வரச் சொன்னார். நாளைக்குள் சொல்வதாக அப்பா சொன்னார். திங்கட்கிழமை என்றதும் அவர் குரல் கொஞ்சம் தடுமாறியது. கிளம்பும்போது டீச்சர் என் தோளைத் தட்டினார். விளக்கை வட்டத்தின் மேலேயே வைத்ததற்கு நூற்றுக்கு நூறு போடலாம், புளியை மேடையில் ஊறவைத்ததற்கு முட்டைதான், ஆக மொத்தம் பாஸ் என்றார்.

படையல் ஒரு வழியாக ஒன்றரைக்கு ஹாலில் நடந்தது. இந்த முறை யார் விளக்கு ஏற்றுவது என்பதில் யாருக்கும் சந்தேகம் வராதபடி அம்மாவே எல்லாரும் பார்க்க ஏற்றினார். பிறகு இலை போட்டுச் சாப்பிட உட்கார்ந்தோம். அப்பா என்னைத் திட்டவில்லை. திட்டியிருந்தால் நிம்மதியாக இருந்திருக்கும்.

அம்மா சாம்பார் ஊற்றிக்கொண்டே கேட்டார்.

"திங்கக்கெழம சித்தியவானுக்கு எத்தன மணிக்குக் கெளம்புறீங்க?"

அப்பா சோற்றைப் பிசைந்தார். "அது ஒரு நாளு வேல, புனிதா. செவ்வாக்கெழம என்னா செய்யுறது?"

"செவ்வாக்கெழம இங்க வேல இருக்கு. ரெண்டு வட்டம் பாக்கி. ஒங்க மவன் போட்ட தடம் ஒன்னு."

"புதன்?"

"புதன்கெழம அந்தக் கல்லக் கழட்டணும். எனக்குக் கறுப்பு கிரானைட்டுதான் வேணும்."

அப்பா நிமிர்ந்து பார்த்தார். "வியாழன்?"

"கழட்டுன கல்ல சாமி மேடைக்கு வெட்டிப் போடணும். சாமி புளி கரைக்கிறதில்ல."

அண்ணனுக்குப் புரையேறியது. அப்பா சிரிக்கவில்லை. வெள்ளிக்கிழமை என்ன வேலை என்று கேட்டார், ரொம்ப மெதுவாக. அம்மா அவர் இலையில் இன்னொரு வடையை வைத்தார். வெள்ளிக்கிழமையைப் பற்றி வெள்ளிக்கிழமை பேசிக்கொள்ளலாம் என்றார்.

ஜொகூரைப் பற்றி அம்மா பேசியது அவ்வளவுதான். ஜொகூர் என்ற பேரே அதில் வரவில்லை. எனக்கு மூச்சு வந்தது. வடை கூட ருசித்தது.

அந்த நேரம் பார்த்து அப்பாவின் போன் அடித்தது. லியோங் தவ்கே. அப்பாவின் கையெல்லாம் சாம்பார். அவர் போனைப் பார்த்தார், அம்மாவைப் பார்த்தார். அம்மா போனை எடுத்துக்கொண்டு குசினிக்குள் போய்க் கதவைச் சாத்தினார்.

நாங்கள் மூன்று பேரும் வாயில் சோற்றோடு காதைக் கொடுத்தோம். அம்மா யாரையும் ஒரு வாக்கியம் முழுதாகப் பேச விடுகிறவர் இல்லை. இன்று நாலு நிமிடம் அவர் குரலே கேட்கவில்லை. கடைசியில் ஒரே ஒரு சொல், மலாயில்.

"போலே."

சரி என்று அர்த்தம். எதற்குச் சரி என்று தெரியவில்லை. வெளியே வந்து போனைக் கவிழ்த்து வைத்துவிட்டு ரசத்தை எடுத்தார். தவ்கே என்ன சொன்னார் என்று அப்பா இரண்டு முறை கேட்டார். இரண்டு முறையும் அப்பளம் வேண்டுமா என்று பதில் கேள்வி வந்தது.

அதோடு போயிருந்தால் நானும் இந்நேரம் தூங்கியிருப்பேன்.

சாயங்காலம் துணி மடித்து வைக்க அம்மாவின் அறைக்குப் போனேன். கதவு கொஞ்சம் திறந்திருந்தது. அலமாரியின் மேலே வருடக்கணக்காகக் கிடந்த பெரிய பை கட்டிலின் மேல் இருந்தது. அம்மா அதைத் தூசி தட்டி, அப்பாவின் சட்டைகளை உள்ளே அடுக்கிக்கொண்டிருந்தார். நாலு சட்டை, இரண்டு கால்சட்டை. சித்தியவானில் ஒரு நாள் வேலைக்கு நாலு சட்டை எதற்கு?

நான் கதவைத் தள்ளப் போன நேரத்தில் அம்மா அலமாரியின் மறுபக்கத்தைத் திறந்தார். தன்னுடைய சேலை மூன்றை எடுத்தார். மடிப்பு கலையாமல், அப்பாவின் சட்டைகளுக்கு மேலே வைத்துப் பையை மூடினார்.